ஹட் பாயின்ட் தீபகற்பம்: ஒரு குடிலின் பெயரில் ஒரு நிலம் (அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்)

அண்டார்டிகாவைப் பற்றிப் பேச்சு வந்தாலே நான் இந்த ஒரு சின்ன இடத்தில் வந்து நின்றுவிடுவேன். கேட்பவர்களும் ஏறக்குறைய ஒரே கேள்விகளைத்தான் கேட்கிறார்கள். அதனால் பதில்களை ஒரே இடத்தில் எழுதி வைக்கிறேன்.

முதலில், இது எங்கே இருக்கிறது?

நியூசிலாந்திலிருந்து நேர் தெற்கே போய்க்கொண்டே இருந்தால் ராஸ் கடல் வரும். அதன் தென்கோடியில் ராஸ் தீவு. தீவின் நடுவில் எரபஸ் எரிமலை, 3,794 மீட்டர் உயரம், இன்றைக்கும் உச்சியில் புகைந்துகொண்டிருக்கிறது. அந்த மலையின் அடிவாரத்திலிருந்து தென்மேற்காக ஒரு விரல் நீட்டின மாதிரி வெளியே வரும் நிலம்தான் ஹட் பாயின்ட் தீபகற்பம். நீளம் சுமார் 24 கி.மீ., அகலம் 3 முதல் 5 கி.மீ. வரை, அவ்வளவுதான். தென் துருவம் இங்கிருந்து ஏறக்குறைய 1,350 கி.மீ. தூரம்.

ஏப்ரல் கடைசியில் இங்கே சூரியன் மறைந்தால் மறுபடி எட்டிப் பார்ப்பது ஆகஸ்ட் 20 வாக்கில். கோடையில் அதற்கு நேர்மாறு, சுமார் நான்கு மாதம் சூரியன் மறைவதே இல்லை.

மூன்று பக்கமும் தண்ணீர் இருந்தால்தானே தீபகற்பம்? இங்கே பனிதானே இருக்கிறது?

நல்ல கேள்வி. மேற்கில் மக்மர்டோ நீரிணை இருக்கிறது. அது கடல்தான், ஆனால் வருஷத்தில் பெரும்பகுதி உறைந்து கிடக்கும். கிழக்கிலும் தெற்கிலும் இருப்பது வேறு வகைப் பனி: ராஸ் பனித்தட்டின் ஒரு ஓரம், நூற்றுக்கணக்கான கி.மீ. பரந்து கடலின் மேல் மிதக்கும் கெட்டிப் பனிப்பாளம். அதன் அடியில் தண்ணீர் ஓடுகிறது. ஆக மூன்று பக்கமும் தண்ணீர் என்பது உண்மைதான், ஒரு மூடி போட்டிருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

இந்த இரண்டு பனிக்கும் உள்ள வித்தியாசம் முக்கியம். கடல்பனி ஒவ்வொரு வருஷமும் உருவாகி உடையும், ஒரு ராத்திரியில் காற்று கிளம்பினால் காணாமல் போகும். பனித்தட்டு அப்படியில்லை, அதன் மேல் விமானம் இறக்கலாம், இறக்கவும் செய்கிறார்கள். இரண்டும் வந்து சந்திக்கும் இடம் இந்தத் தீபகற்பத்தின் நுனி. ஒரு பக்கம் கப்பல் வந்து நிற்கலாம், மறுபக்கம் இறங்கி நடந்தால் துருவம் வரை போகலாம். அத்தனை பயணக் குழுக்கள் ஏன் இங்கேயே வந்து விழுந்தன என்பதற்கு இதைவிடப் பெரிய காரணம் தேவையில்லை.

ஏன் இவ்வளவு ஒல்லியாக இருக்கிறது?

முழுக்க எரிமலை வேலை. எரபஸைச் சுற்றி மூன்று கைகள் கிளம்புகின்றன: ஒன்றில் பேர்ட் மலை, ஒன்றில் டெரர் மலை, மூன்றாவது கைதான் இது. மற்ற இரண்டிலும் பெரிய மலையே எழும்பியது. இங்கே மட்டும் சின்னச் சின்னக் கூம்புகள் வரிசையாக வெடித்து, ஒன்றை ஒன்று தொட்டுக்கொண்டு ஒரு முதுகெலும்பு மாதிரி ஆகிவிட்டது. நிலவியல் கணக்கில் இதெல்லாம் நேற்று நடந்தது, ஏறக்குறைய கடந்த பத்துப் பதினைந்து லட்சம் ஆண்டுகளுக்குள். கறுப்புச் சரளையும் கறுப்புப் பாறையும்தான் எங்கும்.

நடுவில் காசில் ராக் என்று 413 மீட்டர் உயரத்தில் ஒரு பாறை செங்குத்தாக நிற்கிறது. பெயருக்கு ஏற்ப ஒரு பாழடைந்த கோட்டை போல இருக்கும். இது பனிக்கு அடியில் வெடித்த எரிமலை. சூடான குழம்பு பனியையும் உருகிய தண்ணீரையும் தொட்டுச் சில்லுச் சில்லாக நொறுங்கி, அந்தச் சில்லுகள் இறுகி உண்டான பாறை. இன்று பனிக்கு மேலே அவ்வளவு உயரத்தில் அது நிற்பதைப் பார்த்தால், அன்றைக்கு இங்கே பனி எவ்வளவு தடிமனாக இருந்திருக்கும் என்று யோசித்துக்கொள்ளுங்கள்.

சரி, பெயர் எப்படி வந்தது?

இரண்டு தவணையாக வந்தது. 1901-04 ஆண்டுகளில் பிரிட்டிஷ் கடற்படை அதிகாரி ராபர்ட் ஸ்காட் தலைமையில் வந்த டிஸ்கவரி பயணக் குழு, 1902 தொடக்கத்தில் தீபகற்பத்தின் நுனிக்குப் பக்கத்தில் ஒரு சின்ன முனையில் மரக்குடில் ஒன்றைக் கட்டியது. 'ஹட்' என்றால் குடில், 'பாயின்ட்' என்றால் முனை. குடில் இருக்கும் முனை, அதனால் ஹட் பாயின்ட். தூரத்துப் பயணத்திலிருந்து திரும்புபவர்கள் "குடில் முனைக்குப் போய்ச் சேர்ந்துவிடலாம்" என்று சொல்லிச் சொல்லியே அது பெயராக நின்றுவிட்டது.

ஆனால் முழுத் தீபகற்பத்துக்கும் அந்தப் பெயர் போனது அதற்கு அப்புறம். ஸ்காட் மறுபடி 1910-13 ஆண்டுகளில் வந்தபோது, வடக்கே கேப் எவன்ஸ் என்ற கடல்முனையில் வேறொரு பெரிய குடில் போட்டுத் தங்கினார். துருவத்தை நோக்கிப் போகும் ஒவ்வொரு பயணத்துக்கும் பழைய குடிலைத் தாண்டித்தான் போக வேண்டும், அங்கேதான் தங்கி, சாமான் கட்டி, வானிலை சரியாகக் காத்திருக்க வேண்டும். அப்படிப் போகவர இருந்ததில் அந்த நீள நிலம் முழுவதையுமே ஹட் பாயின்ட் தீபகற்பம் என்று சொல்ல ஆரம்பித்தார்கள். ஒரு ராஜா பெயரையோ பணம் கொடுத்தவர் பெயரையோ இதற்கு வைக்கவில்லை, அண்டார்டிகாவில் அதுதான் வழக்கம் என்றிருந்தும். இது புழக்கத்திலிருந்து வந்த பெயர். எனக்கு இந்த இடம் பிடித்துப்போனதே அதனால்தான்.

அந்தக் குடிலில் யாருமே தங்கவில்லை என்கிறார்களே?

முதல் பயணத்தில் தங்கவில்லை. சிட்னியில் செய்து, பிரித்து, கப்பலில் ஏற்றி வந்த குடில் அது. சுமார் 11 மீட்டர் சதுரம், மூன்று பக்கமும் தாழ்வாரம். ஆஸ்திரேலியாவின் உள்நாட்டில், வெயில் கொளுத்தும் இடத்தில் போடும் வீட்டின் அமைப்பு. வெயில் படாமல் இருக்கத்தான் தாழ்வாரம். இங்கே அது குளிரை உள்ளே பூட்டி வைத்ததுதான் மிச்சம். டிஸ்கவரி கப்பல் பக்கத்திலேயே உறைந்து நின்றுவிட்டதால் எல்லோரும் கப்பலிலேயே தூங்கினார்கள். குடில் சாமான் வைக்கவும், பட்டறையாகவும், குளிர்காலத்தில் நாடகம் போடவும் ஆனது. கப்பல் 1904 பிப்ரவரி வரை நகரவில்லை, கடைசியில் வெடி வைத்துப் பனியை உடைத்து மீட்டார்கள்.

ஆனால் "வேண்டாத குடில்" என்று இதை யாராவது சொன்னால் நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். கப்பல் போன பிறகுதான் அதன் மதிப்பு தெரிந்தது. 1912 பிப்ரவரியில் டாம் கிரீன் என்ற மாலுமி, நடக்க முடியாமல் கிடந்த தன் அதிகாரிக்கு உதவி தேடி, மூன்று பிஸ்கட்டையும் இரண்டு துண்டு சாக்லேட்டையும் வைத்துக்கொண்டு சுமார் 56 கி.மீ. தனியாக 18 மணி நேரம் நடந்து வந்து விழுந்தது இந்தக் குடிலின் வாசலில்தான். உள்ளே ஒரு டாக்டர் இருந்தார். அதிகாரி பிழைத்தார்.

சுற்றியுள்ள இடங்களின் பெயர்களுக்கு என்ன அர்த்தம்?

பெரும்பாலும் டிஸ்கவரி குழு வைத்தவை. எனக்குப் பிடித்தவற்றை மட்டும் சொல்கிறேன்.

ப்ராம் பாயின்ட். ப்ராம் என்றால் நார்வேயில் புழங்கும், முன்பக்கம் தட்டையான சின்னத் துடுப்புப் படகு. கோடையில் பனி உடைந்துவிட்டால் அந்த முனையிலிருந்து கப்பலுக்குத் திரும்பப் படகு வேண்டும் என்பதால் இந்தப் பெயர். பெயரே ஒரு எச்சரிக்கைக் குறிப்பு. தி கேப், அதாவது இடைவெளி: இரண்டு குன்றுகளுக்கு நடுவே தீபகற்பத்தின் இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கம் போகும் தாழ்வான வழி. இன்றைக்கும் சாலை அதன் வழியாகத்தான் போகிறது. அரைவல் ஹைட்ஸ், வந்து சேர்ந்த மேடு. வின்டர் குவார்ட்டர்ஸ் பே, குளிர்காலம் கழித்த குடா. கிரேட்டர் ஹில் என்றால் எரிமலை வாய் உள்ள குன்று, அதற்கு மேல் விளக்கம் வேண்டாம். கேப் ஆர்மிடேஜ் மட்டும் ஆள் பெயர், ஸ்காட்டுக்கு அடுத்த நிலையில் இருந்த ஆல்பர்ட் ஆர்மிடேஜ். ராஸ் தீவின் தென்கோடி முனை அது.

கிழக்கே காற்றில்லாக் குடா, வின்ட்லெஸ் பைட். 1911-ல், நடுக்குளிர்கால இருட்டில், எம்பரர் பென்குவின் முட்டை தேடித் தீவின் கிழக்குக் கோடியிலுள்ள கேப் க்ரோசியருக்குப் போன மூன்று பேர் வைத்த பெயர். எங்கும் காற்று அறைந்துகொண்டிருக்கும்போது அந்த வளைவில் மட்டும் அசைவே இல்லை, எரபஸ் மலை காற்றைப் பிரித்து விட்டுவிடுகிறது. காற்று படாததால் பனி இறுகாமல் மாவு மாதிரி கிடந்தது, சறுக்கு வண்டி நகரவில்லை. பெயரைக் கேட்டால் சுகமான இடம் என்று தோன்றும், இழுத்துக்கொண்டு போனவர்களுக்கு அது நரகம்.

டேஞ்சர் ஸ்லோப்ஸ், ஆபத்துச் சரிவு என்று ஒன்று இருக்கிறதே, அங்கே என்ன நடந்தது?

1902 மார்ச் 11. வந்து சில வாரங்கள்தான், யாருக்கும் பனி பழக்கமில்லை. கேப் க்ரோசியருக்குப் போன குழுவில் ஒரு பகுதி பாதியில் திரும்பியது. பனிப்புயல் அடித்தது. கூடாரத்தில் காத்திருந்திருக்கலாம், ஆனால் கப்பல் பக்கத்தில்தான் என்று நினைத்து வெளியே கிளம்பிவிட்டார்கள். கண் தெரியாமல் நடந்து, கடலுக்குச் சரியும் கண்ணாடி போன்ற பனிச் சரிவின் மேல் வந்துவிட்டார்கள். ஜார்ஜ் வின்ஸ் என்ற மாலுமி போட்டிருந்தது மென்மயிர்க் காலணி. கதகதப்பு, ஆனால் பிடிமானம் இல்லை. மற்றவர்களுக்குப் பக்கத்தில் வழுக்கிப் போய் விளிம்பைத் தாண்டிக் கடலில் விழுந்தார். உடல் கிடைக்கவே இல்லை.

அதே நாளில் கிளாரன்ஸ் ஹேர் என்ற இளைஞரும் காணாமல் போனார். அவர் பனிக்கு அடியில் மூடிக்கிடந்தபடியே தூங்கிவிட்டு, ஏறக்குறைய ஒன்றரை நாள் கழித்து எழுந்து, கப்பலுக்கு நடந்து வந்து சேர்ந்தார். விரல் நுனிகூட உறைந்துபோகவில்லை.

வின்ஸுக்காகக் குடிலுக்கு மேலே உள்ள மேட்டில் ஒரு மரச் சிலுவை நட்டார்கள். இன்றும் நிற்கிறது. 1909 பிப்ரவரி கடைசியில், வேறொரு பயணக் குழுவின் தலைவரான ஷாக்கிள்டனும் ஃபிராங்க் வைல்டும் (ஆபத்துச் சரிவில் தப்பியவர்களில் ஒருவர் இந்த வைல்ட்) துருவப் பயணத்திலிருந்து அரை உயிராகக் குடிலுக்கு வந்து பார்த்தால், கப்பல் 26-ஆம் தேதி வரைதான் காத்திருக்கும் என்று ஒரு கடிதம் இருந்தது. தேதி அதைத் தாண்டிவிட்டது. கப்பலுக்குத் தெரியட்டும் என்று வின்ஸின் சிலுவையில் கொடியைக் கட்டப் போனார்கள். விரல்கள் மரத்துப்போய் முடிச்சுப் போட முடியவில்லை. மறுநாள் காலையில் பக்கத்திலிருந்த சின்னக் காந்த ஆய்வுக் கொட்டகைக்குத் தீ வைத்தார்கள், கப்பல் பார்த்துவிட்டது.

அப்சர்வேஷன் ஹில்லில் இருப்பதும் அதே சிலுவையா?

இல்லை, அது வேறு. அப்சர்வேஷன் ஹில் 230 மீட்டர் குன்று. பயணம் போனவர்கள் பனித்தட்டின் மேல் திரும்பி வருகிறார்களா என்று ஏறிப் பார்ப்பதற்கான இடம், அதனால்தான் பார்வைக் குன்று. 1912-ல் அங்கே ஏறி, துருவத்துக்குப் போன ஸ்காட்டையும் நான்கு பேரையும் தேடினார்கள். அவர்கள் வரவில்லை. 1913 ஜனவரியில் கப்பல் தச்சர் ஜாரா என்ற ஆஸ்திரேலிய மரத்தில் ஒன்பது அடிச் சிலுவை செய்து கொடுக்க, அதைச் சறுக்கு வண்டியில் இழுத்து வந்து, இரண்டு நாள் பாடுபட்டுக் குன்றின் மேல் ஏற்றினார்கள். ஐந்து பேரின் பெயரும் டென்னிசன் கவிதையின் ஒரு வரியும் அதில் செதுக்கியிருக்கிறது. அவர்கள் இறந்துகிடந்த திசையை நோக்கி நிற்கிறது.

கேப் எவன்ஸுக்கும் இங்கும் நிலத்தின் மேலேயே நடந்திருக்கலாமே, ஏன் கடல்பனியில் போனார்கள்?

வரைபடத்தில் பார்த்தால் அப்படித்தான் தோன்றும். நிலத்தின் வடபாதி முழுக்கப் பனியாறு, வெடிப்புகள், கடலோரத்தில் ஹட்டன் கிளிஃப்ஸ் என்ற செங்குத்துச் சுவர். எரபஸ் சரிவின் வெடிப்புகளைக் கடந்து போவது பெரிய வேலை. கடல்பனியோ சமதளம், இருபது கி.மீ.க்கு மேல் உள்ள தூரத்தை ஒரே நாளில் நடந்துவிடலாம், பனி கெட்டியாக இருந்தால்.

1916-ல் ஷாக்கிள்டனின் ராஸ் கடல் குழுவினர், மறுபக்கத்திலிருந்து கண்டத்தைக் கடந்து வரவிருந்த அவருக்காகத் தெற்கே உணவுக் கிடங்குகள் வைத்துவிட்டுத் திரும்பி, ஸ்கர்வி நோயோடு (வைட்டமின் சி குறைவால் வருவது) ஹட் பாயின்ட் குடிலில் ஐந்து பேர் கிடந்தார்கள். சாப்பாடு சீல் கறி, விறகு சீல் கொழுப்பு. மே 8-ஆம் தேதி மக்கின்டாஷும் ஹேவர்டும், மற்றவர்கள் வேண்டாம் என்று சொல்லியும், புதுக் கடல்பனியில் கேப் எவன்ஸுக்குக் கிளம்பினார்கள். கொஞ்ச நேரத்தில் பனிப்புயல். பிறகு தேடிப் போனவர்கள் அவர்களுடைய கால்தடம் உடைந்த பனியின் ஓரத்தில் முடிவதைத்தான் பார்த்தார்கள். மீதி மூவர் ஜூலை வரை பொறுத்திருந்து பத்திரமாகப் போய்ச் சேர்ந்தார்கள். மூவரில் ஒருவர் எர்னஸ்ட் வைல்ட், முன்னால் சொன்ன ஃபிராங்க் வைல்டின் தம்பி.

மக்மர்டோ என்பவர் யார்? அவர் இங்கே வந்தாரா?

ஆர்ச்சிபால்ட் மக்மர்டோ, 1841-ல் ஜேம்ஸ் கிளார்க் ராஸின் டெரர் கப்பலில் இருந்த அதிகாரி. ராஸ், கப்பலிலிருந்தே பார்த்து, ஒரு குடாவுக்கு அவர் பெயரை வைத்தார். அது குடா இல்லை, நீரிணை என்று 1902-ல் ஸ்காட் குழு கண்டுபிடித்தது. எரபஸ் நிற்பது தீவு என்று தெரிந்ததும் அப்போதுதான். ராஸ் அந்தத் தென்திசையில் பாரி மலைகள் என்று ஒரு மலைத்தொடரையே வரைந்து வைத்திருந்தார், அப்படி ஒரு மலைத்தொடர் அங்கே இல்லை. தூரத்திலிருந்து வைத்த பெயருக்கும் காலால் நடந்து வைத்த பெயருக்கும் இதுதான் வித்தியாசம்.

இந்தியாவோடு ஏதாவது தொடர்பு?

இந்திய ஆய்வுத் தளங்களான மைத்ரியும் பாரதியும் கண்டத்தின் வேறு பக்கத்தில் இருக்கின்றன. ஆனால் ஸ்காட் குழுவைத் தேடி 1912 அக்டோபர் கடைசியில் ஹட் பாயின்ட்டிலிருந்து கிளம்பிய குழுவில் ஏழு கோவேறு கழுதைகள் போயின. சிம்லாவில் பழக்கி, இந்தியாவிலிருந்து கப்பலில் வந்தவை. லால் கான், குலாப், பேகம், ராணி, அப்துல்லா, பியாரி, கான் சாகிப் என்று பெயர்கள். நவம்பர் 12-ஆம் தேதி கூடாரத்தைக் கண்டுபிடித்தது இந்தக் குழுதான். ஸ்காட்டோடு இறந்த போவர்ஸும் முன்பு ராயல் இந்தியன் மரீனில் (பிரிட்டிஷ் இந்தியாவின் கடற்படை) வேலை பார்த்தவர்.

இந்த நிலம் யாருக்குச் சொந்தம்? பெயர் வைக்கும் உரிமை யாரிடம்?

1923 முதல் நியூசிலாந்து உரிமை கோருகிறது. 1959-ல் கையெழுத்தான அண்டார்டிக் ஒப்பந்தம் எல்லா உரிமைகோரல்களையும் அப்படியே நிறுத்தி வைத்துவிட்டது. பெயரைப் பொறுத்தவரை ஒவ்வொரு நாடும் தனக்கென்று ஒரு குழு வைத்திருக்கிறது. அதனால் சில இடங்களுக்கு மூன்று நான்கு பெயர்கள் உண்டு. இங்கே அந்தச் சண்டை வரவில்லை.

இப்போது அங்கே என்ன இருக்கிறது?

குடிலிலிருந்து நடக்கும் தூரத்தில் அமெரிக்காவின் மக்மர்டோ நிலையம், 1955-56-ல் தொடங்கியது, கோடையில் ஆயிரம் பேர் வரை இருக்கும் ஒரு சிற்றூர். முன்னால் சொன்ன இடைவெளி வழியாகச் சுமார் 3 கி.மீ. போனால் ப்ராம் பாயின்ட்டில் நியூசிலாந்தின் ஸ்காட் தளம், வெளிர்பச்சைக் கட்டடங்கள், 1957 ஜனவரியில் எட்மண்ட் ஹிலாரி தலைமையில் உருவானது. பார்வைக் குன்றின் சரிவில் 1962 முதல் 1972 வரை ஒரு சின்ன அணு உலைகூட ஓடியது. அதை மூடியபின் கெட்டுப்போன மண்ணையும் பாறையையும் ஆயிரக்கணக்கான டன் வெட்டி எடுத்துக் கப்பலில் அமெரிக்காவுக்குத் திருப்பிக் கொண்டுபோக வேண்டியதாயிற்று. அந்தக் குன்றில் அப்படி ஒன்றை வைத்திருக்கவே கூடாது என்பது என் கருத்து. 2010-ல் கிரேட்டர் ஹில்லில் மூன்று காற்றாலைகள் வந்தன, காற்றுக்கு அங்கே என்ன பஞ்சம்.

தமிழில் எப்படி எழுதுவது?

வரைபடத்தோடு ஒத்துப் பார்க்க வேண்டுமென்றால் "ஹட் பாயின்ட் தீபகற்பம்" என்றே எழுதுங்கள். கதையாகச் சொல்லும்போது "குடில் முனை" அழகாகப் பொருந்துகிறது. "குடிசை முனை" என்று சிலர் எழுதுகிறார்கள், ஆனால் குடிசை என்றதும் நமக்குக் கூரை வேய்ந்த வீடு நினைவுக்கு வருகிறது. இது பலகைச் சுவர் வைத்த மரவீடு.

குடிலுக்குள் போய்ப் பார்க்க முடியுமா?

முடியும். அது பாதுகாக்கப்பட்ட வரலாற்று இடம், ஒரு நேரத்தில் சிலரை மட்டும், ஆள் துணையோடு உள்ளே விடுகிறார்கள். காலணியில் ஒட்டிய பனியையும் சரளையையும் வாசலிலேயே தட்டிவிட்டுப் போக வேண்டும். உள்ளே சுவரெல்லாம் 1916-ல் சீல் கொழுப்பு எரித்த கரி, அடுப்பின் பக்கத்தில் அந்தக் கொழுப்பு இன்னும் கிடக்கிறது, வெளித் தாழ்வாரத்தில் ஒரு சீலின் உடல் வெட்டி முடிக்காமல் அப்படியே இருக்கிறது. கதவைத் திறந்தால் முதலில் வருவது அந்த வாடைதான் என்று போய் வந்தவர்கள் எழுதியிருக்கிறார்கள்.